கடனும் நியாயஸ்தலமும் – அத்தியாயம் 9: படிப்பணம் கட்டிய சிறை

லண்டன் மாநகரத்து மார்ஷல்ஸீ, பிளீட் என்னும் இரண்டு கடனாளிச் சிறைகளின் சரித்திரத்தைச் சென்ற அத்தியாயத்தில் சொல்லி முடித்தோம். ரொட்டிக் கடைக்காரர் ஒருவருக்கு நாற்பது பவுனும் பத்து ஷில்லிங்கும் பாக்கி வைத்த ஜான் டிக்கன்ஸ் 1824ஆம் ஆண்டில் மார்ஷல்ஸீயில் அடைபட்டதும், பன்னிரண்டு வயதான அவருடைய மகன் சார்லஸ் பூட்ஸ் மைக் கிடங்கு ஒன்றில் புட்டிகளுக்குச் சீட்டு ஒட்டிக் கூலி வாங்கியதும் வாசகர்களுக்கு நினைவிருக்கும். 1842ல் அவ்விரு சிறைகளும் மூடப்பட்டன. 1869ல் பார்லிமெண்டு இயற்றிய சட்டம், பணம் இருந்தும் கொடுக்க மறுப்பவனையும் வேறு சில வகையினரையும் தவிர, மற்றக் கடனாளிகளைச் சிறையிடும் வழக்கத்துக்கு இங்கிலாந்தில் முடிவு கட்டியது. அதே இங்கிலாந்தின் ஆட்சிக்கு உட்பட்டிருந்த இந்திய தேசத்தில், அதே சமயத்தில், கடனாளியின் கதி என்னவாயிருந்தது என்பதே இந்த அத்தியாயத்தின் விஷயம். ஆளுகிறவர்கள் தங்கள் பிரஜைகளுக்கு 1869ல் வழங்கிய நியாயம், ஆளப்பட்டவர்களுக்கு வந்து சேர 1936ஆம் ஆண்டு வரையில் காத்திருக்க வேண்டியதாயிற்று. இடையில் கழிந்த அறுபத்தேழு ஆண்டுகளின் கதை நம்முடைய முன்சீப் கோர்ட்டுகளின் கதை. ஆகையால் அதைக் கொஞ்சம் நின்று பார்ப்பது அவசியம்.

கடனைத் திரும்பப் பெறுவதற்குக் கடனாளியின் உடம்பையே பிடித்து நிறுத்துவது வெள்ளைக்காரர் கொண்டுவந்த புதுமை என்று எண்ணிவிடக் கூடாது. கொடுத்த பொருளை மீட்பதற்கு ஐந்து உபாயங்கள் உண்டென்று மனுவின் தர்மசாஸ்திரம் கூறுகிறது: தர்மம், வியவகாரம், சலம், ஆசாரம், பலம். அதாவது நயமாகக் கேட்பது, வழக்காடுவது, தந்திரம் செய்வது, வழக்கத்தில் உள்ள முறையால் நெருக்குவது, கடைசியாகப் பலவந்தம். சம ஜாதியிலோ தாழ்ந்த ஜாதியிலோ பிறந்த கடனாளி, பணம் இல்லாவிட்டால் வேலை செய்து கடனைத் தீர்க்கலாம் என்றும் அந்த நூல் விதித்தது. ஜாதியில் உயர்ந்தவனுக்கு ஒரு வழியும் தாழ்ந்தவனுக்கு வேறொரு வழியுமாக அமைந்த அந்த விதியை இன்றைய நியாய புத்தி ஒப்புக்கொள்ளாது. ஆனாலும் கடனாளியின் உழைப்பின்மேலும் உடலின்மேலும் கடன் கொடுத்தவனுக்கு உரிமை உண்டென்ற எண்ணம் எவ்வளவு பழமையானது என்பதை அது காட்டுகிறது.

தமிழ்நாட்டுக் கரையிலேயே இதற்கு ஒரு விசித்திரமான வழக்கம் இருந்தது. பதின்மூன்றாம் நூற்றாண்டின் இறுதியில் இந்தக் கரைக்கு வந்த மார்க்கோ போலோ, தாம் மாபார் என்று குறிப்பிடும் பாண்டிய தேசத்தில் கண்டதை எழுதிவைத்திருக்கிறார். பல முறை கேட்டும் பணம் தராமல் நாளைக் கடத்தும் கடனாளியைக் கடன் கொடுத்தவன் வழியில் சந்தித்து, அவனைச் சுற்றித் தரையில் ஒரு வட்டம் கீறிவிடுவானாம். பணத்தைக் கொடுக்காமலோ தக்க ஈடு காட்டாமலோ அந்த வட்டத்தைத் தாண்டி வெளியேறுகிறவன் அரச நீதியை மீறினவனாகித் தண்டனைக்கு உள்ளாவானாம். அயல் தேசத்து வர்த்தகர் ஒருவருக்குப் பணம் கொடுக்க வேண்டியிருந்த அரசனே ஒரு நாள் குதிரை மீது வந்தபோது அவ்வாறு வளைக்கப்பட்டு, குதிரையை நிறுத்தி, வர்த்தகர் திருப்தி அடையும் வரையில் அந்த இடத்தைவிட்டு நகராமல் இருந்ததாகவும், அதைத் தாம் கண்ணாரக் கண்டதாகவும் அவர் சொல்லுகிறார். பதினாறாம் நூற்றாண்டின் ஆரம்பத்தில் கள்ளிக்கோட்டைக்கு வந்த வார்த்தெமா என்ற இத்தாலியரும் ஏறக்குறைய இதே வழக்கத்தைக் குறிப்பிடுகிறார். அங்கே வட்டம் கீறுவதற்குப் பச்சை மரக்கிளை பயன்பட்டது.

இந்த வளையத்தைப் பற்றிப் படிக்கும்போது ஒரு விஷயம் என் மனத்தில் நன்றாகப் பதிந்தது. வளைத்தவன், வளைபட்டவன் இருவரும் வெயிலில் ஊரார் கண்ணெதிரே நின்றார்கள். கடன் உண்டா, இல்லையா, கொடுக்கக் கூடியவனா, இல்லாதவனா என்பதைச் சுற்றி நின்றவர்கள் அறிவார்கள். மத்தியஸ்தம் செய்துவைக்கவும் அவர்களால் முடியும். வட இந்தியாவில் வழங்கிவந்த தர்ணா முறையும் அப்படிப்பட்டதே. கடன் கொடுத்தவனோ அவன் சார்பில் ஒரு பிராமணனோ கடனாளியின் வாசலில் உண்ணாமல் உட்கார்ந்துவிடுவான். தெய்வ கோபத்தைக் காட்டிப் பயமுறுத்தும் இந்த முறையைக் கம்பெனி ஆட்சி தடைசெய்தது. 1860ஆம் ஆண்டு இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 508ஆம் பிரிவில் தர்ணாவே குற்றத்துக்கு உதாரணமாக எடுத்துக்காட்டப்பட்டது. வாசலில் உட்காருவது குற்றமாயிற்று. அந்த இடத்துக்கு வாரண்டு வந்தது.

1859ஆம் ஆண்டின் எட்டாவது சட்டம் பிரிட்டிஷ் இந்தியாவின் சிவில் நடைமுறையை முதன்முதலாக ஒரே கோவையில் கொண்டுவந்தது. பணம் செலுத்தும்படி டிக்கிரியான பிறகு, அதை நிறைவேற்ற வாதிக்கு அந்தச் சட்டம் இரண்டு மார்க்கங்களைத் திறந்துவிட்டது. ஒன்று, பிரதிவாதியின் சொத்தை ஜப்தி செய்து ஏலம் போடுவது; மற்றொன்று, பிரதிவாதியையே பிடித்துச் சிவில் ஜெயிலில் வைப்பது. டிக்கிரித் தொகை ஐம்பது ரூபாய்க்கு மேற்படாவிட்டால் மூன்று மாதம், ஐந்நூறு ரூபாய்க்கு மேற்படாவிட்டால் ஆறு மாதம், அதற்கும் மேற்பட்டால் இரண்டு வருஷம் வரையில் சிறைவாசம் நீடிக்கலாம். எந்த மார்க்கத்தில் முதலில் செல்வது என்பது பெரும்பாலும் வாதியின் இஷ்டத்தைப் பொறுத்திருந்தது. தன்னிடம் ஒன்றுமில்லை என்று சொல்லும் கடனாளி, தன் சொத்து முழுவதையும் ஒளிவுமறைவின்றிக் கணக்குக் காட்டி ஒப்புவித்து விடுதலை கேட்கலாம் என்றும் சட்டத்தில் வழி இருந்தது உண்மையே. ஆனால் அந்த வழியில் ருசுச் சுமை முழுவதும் அகப்பட்டவன் தலைமேல் இருந்தது. பிடிப்பதற்கு முன்பு, இவன் கொடுக்க முடிந்தும் கொடுக்காதவனா, கொடுக்கவே முடியாதவனா என்று நியாயாதிபதி கேட்டுத்தான் ஆகவேண்டும் என்ற விதி அந்தக் கோவையில் இல்லை. பணம் வந்ததா, வரவில்லையா என்ற ஒரு கேள்வியே போதுமானதாயிருந்தது.

1882ஆம் ஆண்டுச் சட்டத்தில் சிறைவாசம் ஆறு மாதத்துக்கு மேற்படலாகாது என்றும், ஐம்பது ரூபாய்க்கு உட்பட்ட டிக்கிரிக்கு ஆறு வாரம் என்றும் குறைக்கப்பட்டது. 1908ஆம் ஆண்டுக் கோவையும் இந்த அளவையே வைத்துக்கொண்டது. காலம் குறைந்ததே ஒழிய முறை மாறவில்லை. அந்த முறையைச் சற்று விவரமாகப் பார்ப்போம்.

வாதி நிறைவேற்று மனுப் போடுவார். கோர்ட்டு வட்டாரத்தில் அதை இ.பி. என்பார்கள். வாரண்டு கையெழுத்தாகி அமீனாவிடம் வரும். அமீனாவோடு வாதியின் ஆள் ஒருவன் கூடவே போய்ப் பிரதிவாதியை அடையாளம் காட்டுவான். எந்த நாளிலும் எந்த நேரத்திலும் பிடிக்கலாம் என்பது பொதுவிதி. சந்தை நாளென்றும் கலியாண வீடென்றும் சட்டம் பேதம் பார்க்கவில்லை. ஆனால் சூரியாஸ்தமனத்துக்குப் பிறகும் உதயத்துக்கு முன்பும் குடியிருக்கும் வீட்டுக்குள் அமீனா நுழையக் கூடாது. பகலிலும் வெளிக்கதவை உடைக்கக் கூடாது. அந்த வீடு கடனாளியின் அநுபவத்தில் இருந்து, அவன் வழிவிட மறுத்தால் மட்டும் உடைக்கலாம். உள்ளே நுழைந்த பிறகு, பிறர் கண்ணில் படாமல் வாழும் வழக்கமுள்ள ஸ்திரீ எந்த அறையிலாவது இருந்தால், அவள் விலகிப் போக அவகாசமும் வசதியும் அளிக்க வேண்டும். ஆகவே மாமன் வீட்டில் வெளிக்கதவைத் தாழிட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கும் கடனாளியை வாசலில் நிற்கும் அமீனாவால் ஒன்றும் செய்ய முடியாது. பொழுது சாய்ந்தால் அவன் தன் வீட்டிலேயே பயமின்றிப் படுத்து உறங்கலாம். தெருவில் கால் வைத்தாலோ அந்த அபயம் அவனுக்கு இல்லை. இன்னொரு சலுகையும் உண்டு: வழக்குக்காகக் கோர்ட்டுக்குப் போகும்போதும் அங்கே இருக்கும்போதும் திரும்பும்போதும் கட்சிக்காரனைச் சிவில் வாரண்டில் பிடிக்கக் கூடாது. சட்டசபை அங்கத்தினர்களுக்கும், சபை கூடும் காலத்தையொட்டி இத்தகைய பாதுகாப்பை 1925ஆம் ஆண்டுத் திருத்தம் ஒன்று அளித்தது. சந்தைக்குப் போகும் குடியானவனுக்கு அப்படி ஒரு பாதுகாப்பும் இல்லை.

இந்த முறையின் உயிர்நாடி படிப்பணம் என்று நான் கருதுகிறேன். மார்ஷல்ஸீயில் அடைபட்டவன் தன் சோற்றுக்கும் அறைக்கும் காவலனின் கட்டணத்துக்கும் தானே பணம் தேட வேண்டியிருந்ததைப் பார்த்தோம். இந்தியச் சட்டம் அதை மாற்றி, சிறையிலிருப்பவனின் ஜீவனத்துக்கான செலவை அடைத்தவனே கட்ட வேண்டும் என்று வைத்தது. பிடித்த கணத்திலிருந்து கோர்ட்டில் நிறுத்தும் வரையில் ஆகும் சாப்பாட்டுச் செலவை முன்னதாகக் கட்டினாலொழிய ஒருவனைப் பிடிக்கவே கூடாது. சிறைக்கு அனுப்பிய பிறகு மாதப்படி. ஒவ்வொரு மாதமும் பிறப்பதற்கு முன்பே அந்த மாதத்துத் தொகை சிறை அதிகாரியிடம் சேர்ந்துவிட வேண்டும். சேரவில்லையானால் கடனாளி விடுதலை. கட்டிய படி வழக்குச் செலவில் சேரும். ஆயினும் அந்தப் படித்தொகைக்காக ஒருவனைப் பிடிக்கவோ நிறுத்திவைக்கவோ கூடாது.

மேலெழுந்தவாரியாகப் பார்த்தால் இது இரக்கமுள்ள ஏற்பாடாகத் தோன்றும், ஓரளவுக்கு அப்படித்தான். படிப்பணத்துக்குப் பயந்து எத்தனையோ சிறிய கடன் கொடுத்தவர்கள் வாரண்டு கேட்காமல் இருந்திருப்பார்கள். ஆனால் அதன் மறுபுறத்தை யோசித்துப் பார்க்க வேண்டும். ஒரு மனிதனின் சுதந்திரத்துக்கு விலை குறிக்கப்பட்டு, அந்த விலையைக் கட்டச் சக்தியுள்ளவன் கையில் சிறைச்சாவி ஒப்படைக்கப்பட்டது. வாதி மனமிரங்கி வேண்டிக்கொண்டால் கதவு திறக்கும். மாதக் கடைசியில் படி கட்ட மறந்தாலும் திறக்கும். கோபம் தணியாமல் படி கட்டிக்கொண்டே வந்தால் காலம் முடியும் வரையில் மூடியே இருக்கும். அரசாங்கத்தின் சிறை, அரசாங்கத்தின் காவலர், அரசாங்கத்தின் முத்திரை. திறப்பதும் மூடுவதும் மட்டும் ஒரு தனி மனிதனின் விருப்பம். குற்றம் செய்தவனுக்கு அவன் செய்த குற்றத்தின் அளவுக்குத் தண்டனை விதிக்க நியாயாதிபதி இருக்கிறார். ஒரு குற்றமும் செய்யாதவனின் சிறைவாசத்தை அவனுடைய எதிரி அளந்து கொடுத்தான்.

படியின் விகிதத்தைப் பற்றி 1908ஆம் ஆண்டுக் கோவையின் 57ஆம் பிரிவு கூறுவதையும் இங்கே சொல்லிவிட வேண்டும். அந்தஸ்து, இனம், தேசியம் ஆகியவற்றுக்கு ஏற்றபடி மாதப்படியை வெவ்வேறு தரங்களாக அரசாங்கம் நிர்ணயிக்கலாம் என்று அந்தப் பிரிவு அதிகாரம் கொடுக்கிறது. கடன்பட்ட ஐரோப்பியனுக்கு ஒரு சாப்பாடு, கடன்பட்ட இந்தியனுக்கு வேறொரு சாப்பாடு என்று பிரிக்க இடங்கொடுத்த அந்த வாசகம், தேசம் சுதந்திரம் பெற்ற பிறகும் கோவையிலிருந்து எடுக்கப்படாமல் நின்றது எனக்கு மிகவும் வருத்தம் தருகிற விஷயம்.

சிவில் ஜெயிலுக்குள் கடனாளியின் நிலை குற்றவாளியின் நிலை அன்று. 1894ஆம் ஆண்டுச் சிறைச்சாலைச் சட்டப்படி அவனைக் குற்றக் கைதிகளோடு சேர்த்து வைக்கக் கூடாது. வீட்டிலிருந்து சோறும் துணியும் படுக்கையும் வரவழைத்துக்கொள்ளலாம். சூப்பரிண்டெண்டின் அநுமதி பெற்றுத் தன் தொழிலையும் உள்ளேயே நடத்தலாம். துணிக்கு வழியில்லாதவனுக்குச் சிறையிலேயே உடுப்பும் படுக்கையும் கொடுப்பார்கள். அதன் விலையைக் கட்டும்படி வாதிக்கு எழுத்து மூலம் கேட்பு அனுப்பி, நாற்பத்தெட்டு மணி நேரத்துக்குள் பணம் வராவிட்டால் கைதியை விட்டுவிடலாம். ஒரு வேட்டி, ஒரு ஜமக்காளம் ஆகியவற்றின் விலையைப் பொறுத்து ஒரு மனிதனின் விடுதலை நின்றது. இவ்வளவு வசதிகளும் தறியோ உளியோ கையிலிருப்பவனுக்கு ஓரளவு உதவியிருக்கலாம். நிலத்தை நம்பிய குடியானவன் தன் வயலைச் சிறைக்குள் கொண்டுவந்து உழ முடியுமா? கார்த்திகையில் பிடித்து அடைத்தால் தை அறுவடை யாருக்குப் போகும் என்பதைக் கடன் கொடுத்தவன் நன்றாக அறிவான்.

இன்னும் ஒன்று. ஆறு மாதமும் உள்ளே இருந்து கழித்துவிட்டு வெளியே வந்தால் கடன் தீர்ந்துவிடுமா என்றால், தீராது. அதே டிக்கிரிக்காக அவனை மறுபடியும் பிடிக்க முடியாது, அவ்வளவுதான். கடன் அப்படியே இருக்கும். பின்னால் சொத்து வந்தால் அதை ஜப்தி செய்யலாம். பணத்தையும் ஈட்டித் தராமல், கடனையும் தீர்க்காமல், சம்பாதிக்கக் கூடியவனைச் சம்பாதிக்க வொட்டாமல் வைத்திருக்கும் இந்தச் சிறைவாசத்தால் யாருக்கு என்ன லாபம் என்று கேட்கத் தோன்றும். விடை கடனாளியின் குடும்பத்தில் இருக்கிறது. இல்லாதவனை அடைத்தால் அவனிடமிருந்து பணம் வராது என்பது வாதிக்குத் தெரியாததல்ல. அண்ணன் தன் பங்கு நிலத்தை ஒத்தி வைப்பான். மாமனார் மாட்டை விற்பார். மனைவி கழுத்திலிருப்பதைக் கழற்றிக் கொடுப்பாள். கடன்பத்திரத்தில் கைநாட்டு வைக்காத இவர்களையெல்லாம் டிக்கிரி நேராகத் தொட முடியாது. வாரண்டு சுற்றிக்கொண்டு போய் அவர்களைத் தொட்டது. சோற்றுப் பாத்திரம், உடுத்த துணி, உழவனின் ஏர், மாடு, விதைநெல், தொழிலாளியின் கருவி ஆகியவற்றை ஜப்தி செய்யக் கூடாது என்று ஒரு பிரிவில் கருணையோடு விலக்கிவைத்த அதே கோவை, அவற்றையெல்லாம் தானாகவே விற்றுக் கட்டும்படி நிர்ப்பந்திக்கும் சக்தியை இன்னொரு பிரிவில் வாதியிடம் கொடுத்துவைத்திருந்தது. இந்த முரண்பாட்டை அந்தக் காலத்துச் சட்ட நிபுணர்கள் காணாமலில்லை. கண்டும், வாரண்டு இல்லாவிட்டால் கடன் கொடுப்பார் இல்லாமற் போய்விடும் என்ற வாதம் மேலோங்கி நின்றது. அந்த வாதத்திலும் சிறிது உண்மை உண்டு. சொத்தைப் பிள்ளைகளின் பேரிலும் மைத்துனன் பேரிலும் எழுதி வைத்துவிட்டுப் பட்டுக்கரை வேஷ்டியோடு உலாவும் கடனாளியும் நம் ஊர்களில் இல்லாதவன் அல்லன்; அவனிடம் ஏமாந்த விதவைக்கும் சிறு வியாபாரிக்கும் வாரண்டே கடைசித் துணை. அவனையும் வறியவனையும் ஒரே வாரண்டு பிடித்ததே நம்முடைய குறை.

முதல் எதிர்ப்பு தக்ஷிணத்திலிருந்து வந்தது. அமெரிக்க உள்நாட்டுப் போர்க் காலத்தில் விண்ணளவு உயர்ந்த பருத்தி விலை, போர் முடிந்ததும் சரிந்தது. புதிய செட்டில்மெண்டில் நிலவரி ஏறியது. வெளியூர்களிலிருந்து வந்து குடியேறிய லேவாதேவிக்காரர்களிடம் பத்திரம் எழுதிக் கொடுத்த மராட்டியக் குடியானவர்கள், படிக்கத் தெரியாத பத்திரத்தின் பேரில், ஆஜராகாத வழக்குகளில் ஒருதலையாக வந்த டிக்கிரிகளுக்கு நிலத்தை இழந்தார்கள். 1875ஆம் ஆண்டு மே மாதம் 12ஆம் தேதி பூனா ஜில்லாவின் சூபா என்ற ஊரில் அவர்கள் லேவாதேவிக்காரர்களின் வீடுகளிலும் கடைகளிலும் புகுந்து, கடன்பத்திரங்களையும் டிக்கிரி நகல்களையும் எடுத்துத் தீயிட்டுக் கொளுத்தினார்கள். கலகம் அகமத்நகர் ஜில்லாவுக்கும் பரவிற்று. ஆட்களைக் கொல்வதைவிடக் காகிதங்களை அழிப்பதிலேயே அவர்கள் கருத்தாயிருந்தார்கள் என்பது கவனிக்கத்தக்கது. அரசாங்கம் கமிஷன் ஒன்றை நியமித்தது. அதன் பயனாக 1879ஆம் ஆண்டில் தக்ஷிண விவசாயிகள் நிவாரணச் சட்டம் பிறந்தது. பூனா, சதாரா, சோலாப்பூர், அகமத்நகர் ஆகிய நான்கு ஜில்லாக்களில், பண டிக்கிரிக்காக விவசாயி எவனையும் பிடிக்கவோ சிறையிடவோ கூடாது என்று அந்தச் சட்டத்தின் 21ஆம் பிரிவு திட்டமாகச் சொல்லிற்று. தஞ்சாவூரிலும் கோயமுத்தூரிலும் இருந்த குடியானவனுக்கு அந்தப் பிரிவு எட்டவில்லை.

அடுத்த படி 1888ல் வைக்கப்பட்டது. அந்த ஆண்டின் ஆறாவது சட்டம், பண டிக்கிரிக்காக ஸ்திரீகளைப் பிடிக்கவோ சிறையிடவோ கூடாது என்று விலக்கியது. அதற்கு முன்பு பெண்களுக்கும் அந்த ஆபத்து இருந்தது என்பதை இந்த விலக்கிலிருந்தே அறிந்துகொள்ளலாம். வாரண்டு அனுப்புவதற்கு முன்பு, கடனாளியை ஏன் சிறையிடக் கூடாது என்று காரணம் காட்டும்படி நோட்டீஸ் அனுப்பவும் கோர்ட்டுக்கு அந்தச் சட்டம் அதிகாரம் கொடுத்தது. அனுப்பலாம் என்றுதான் எழுதியிருந்தது. அனுப்ப வேண்டும் என்று எழுதவில்லை. இரக்கமுள்ள முன்சீபின் கோர்ட்டில் நோட்டீஸ் போயிற்று; அவசரக்கார முன்சீபின் கோர்ட்டில் வாரண்டு போயிற்று. இந்த நிலை ஏறக்குறைய அரை நூற்றாண்டு நீடித்தது.

மாற்றத்தைக் கொண்டுவந்தது வயலல்ல, ஆலை. விட்லி என்பவரின் தலைமையில் 1929ல் நியமிக்கப்பட்ட ராயல் தொழிலாளர் கமிஷன், தேசம் முழுவதும் சுற்றி ஆலைத் தொழிலாளர்களின் வாழ்க்கையை விசாரித்து 1931ல் அறிக்கை வெளியிட்டது. தொழிலாளியின் வாழ்க்கையைக் கடன் எவ்வளவு ஆழமாக அரித்திருந்தது என்பதற்கு அந்த அறிக்கை சாக்ஷி. சம்பள நாளன்று ஆலை வாசலில் தடியுடன் காத்து நிற்கும் லேவாதேவிக்காரர்களின் செய்கையைக் குற்றமாக்க வேண்டுமென்று கமிஷன் கூறியது. மாதம் நூறு ரூபாய்க்குக் குறைந்த சம்பளம் வாங்கும் தொழிலாளியை, கொடுக்கச் சக்தியிருந்தும் மனமில்லாதவன் என்று ருசுப்படுத்தினாலன்றிக் கடனுக்காகப் பிடிக்கவும் சிறையிடவும் கூடாது என்றும் சிபாரிசு செய்தது. சக்தி, மனம் ஆகிய இரண்டையும் பிரித்துப் பார்த்து, சக்தியிருந்தும் மனமில்லாதவனுக்கே சிறை என்று சொன்ன இந்தச் சிபாரிசே பின்வந்த சட்டத்துக்கு வித்தாயிற்று.

1936ஆம் ஆண்டின் 21ஆவது சட்டம் அதைத் தொழிலாளியோடு நிறுத்தாமல் எல்லாக் கடனாளிகளுக்கும் விரித்தது. சிவில் நடைமுறைக் கோவையின் 51ஆம் பிரிவில் ஒரு விதிவிலக்குச் சேர்க்கப்பட்டது. பண டிக்கிரிக்காக ஒருவனைச் சிறையிட வேண்டுமானால், அவனுக்குக் காரணம் காட்டச் சந்தர்ப்பம் கொடுத்த பிறகு, கோர்ட்டு சில விஷயங்களில் திருப்தியடைந்து அதற்குரிய காரணங்களை எழுத்தில் பதிய வேண்டும். அவன் ஊரைவிட்டு ஓடக்கூடியவனாகவோ, வழக்குப் போட்ட பிறகு சொத்தை வஞ்சகமாக மாற்றியவனாகவோ இருக்க வேண்டும். அல்லது டிக்கிரியான நாள் முதலாக, தொகையையோ அதில் கணிசமான பாகத்தையோ கொடுக்கும் சக்தி பெற்றிருந்தும் மறுத்தவனாக, அசட்டை செய்தவனாக இருக்க வேண்டும். அல்லது பிறர் பொருளை நம்பிக்கையின் பேரில் வைத்திருந்து கணக்குக் காட்ட வேண்டியவனாக இருக்க வேண்டும். ஜப்தியிலிருந்து விலக்கப்பட்ட சொத்தை அவனுடைய சக்தியைக் கணக்கிடும்போது சேர்க்கக் கூடாது. இதனால் ஏரையும் மாட்டையும் காட்டி, இவனிடம் சொத்து இருக்கிறது என்று வாதிக்கும் வழி அடைபட்டது. நோட்டீஸ் அனுப்புவதும் கட்டாயமாயிற்று. ஓடிவிடுவான் என்று பிரமாண வாக்குமூலத்தால் காட்டினால் மட்டும் நேரே வாரண்டு அனுப்பலாம். ருசுச் சுமை வாதியின் தோளுக்கு மாறியது.

இரண்டு ஆண்டுகளுக்குப் பிறகு, ராஜாஜியின் மந்திரிசபை சென்னை மாகாணத்தில் இயற்றிய 1938ஆம் ஆண்டு விவசாயிகள் நிவாரணச் சட்டம் கடனின் அளவையே வெட்டியது. 1932 அக்டோபர் 1ஆம் தேதிக்கு முந்திய கடன்களில் 1937 அக்டோபர் 1ஆம் தேதி வரையில் நின்ற வட்டி முழுவதும் தள்ளுபடியாயிற்று. அசலைப் போல் இருமடங்கு ஏற்கெனவே கட்டியிருந்தால் கடனே தீர்ந்ததாகக் கருதப்பட்டது. வட்டியால் வீங்கிய டிக்கிரிக்காக இரண்டு வேலி நிலத்தை ஏலத்தில் இழந்துகொண்டிருந்த குடும்பங்களுக்கு அது எவ்வளவு பெரிய ஆறுதல் என்பதை அந்தக் காலத்தைக் கண்ட பெரியவர்கள் சொல்லக் கேட்க வேண்டும். அந்தச் சட்டத்தின் சரித்திரம் தனியே எழுத வேண்டிய அளவுக்கு விரிவானது.

ஏட்டில் மாறியது நடைமுறையிலும் மாறிற்றா? முழுவதும் மாறவில்லை. எந்தக் காலத்திலோ கையில் பணம் இருந்தது, அப்பொழுது கட்டவில்லை என்ற ஒரு காரணத்தைக் காட்டிப் பிற்பாடு வறியவனாகிவிட்டவனையும் அடைக்கலாம் என்று 51ஆம் பிரிவின் வாசகத்துக்குப் பொருள் கொள்ள இடமிருந்தது. அந்தச் சிக்கல் உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது 1980ல். கொச்சி வங்கி தான் பெற்ற இரண்டரை லட்ச ரூபாய் டிக்கிரிக்காகக் கடனாளிகளைப் பிடிக்க வாரண்டு கேட்டிருந்தது. வேறு டிக்கிரிகளும் அவர்கள் தலைமேல் இருந்தன. சொத்துக்கள் ஜப்தியாகி ரிசீவர் வசம் இருந்தன. அந்த ஆண்டு பிப்ரவரி 4ஆம் தேதி தீர்ப்பு வழங்கியவர் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர். பாலக்காட்டில் பிறந்து, சென்னைச் சட்டக் கல்லூரியில் படித்து, தலைச்சேரியில் வக்கீல் தொழில் நடத்தி, 1952ல் சென்னைச் சட்டசபைக்கும் அங்கத்தினராக வந்த அவருக்கு, மலையாளக் கரையில் கடனுக்கு ஆட்பட்ட குடியானவர்களின் நிலை புத்தகத்தால் மட்டும் தெரிந்ததன்று.

அவர் இரண்டு ஆதாரங்களை எடுத்துக்கொண்டார். ஒன்று, இந்தியா 1979ல் சேர்ந்த சிவில், அரசியல் உரிமைகளுக்கான சர்வதேச உடன்படிக்கையின் 11ஆம் விதி. ஒப்பந்தக் கடமையை நிறைவேற்ற இயலாமை என்ற ஒரே காரணத்துக்காக எவரையும் சிறையிடலாகாது என்பது அதன் கருத்து. மற்றொன்று, உயிருக்கும் சுதந்திரத்துக்கும் காப்பு அளிக்கும் நமது அரசியல் சாசனத்தின் 21ஆம் விதி. இவற்றின் வெளிச்சத்தில் 51ஆம் பிரிவைப் படித்த அவர், கொடுக்கவில்லை என்பது மட்டும் போதாது, கொடுக்க மனமில்லாத வஞ்சக புத்தியோ, இப்பொழுது கையில் பணமிருந்தும் மறுக்கும் பிடிவாதமோ காட்டப்பட வேண்டும் என்றார். கடனாளிக்கு இருக்கும் வேறு அத்தியாவசியத் தேவைகளையும் நெருக்கடிகளையும் கோர்ட்டு எடைபோட்டுப் பார்க்க வேண்டும் என்றும், ஏழையாக இருப்பது குற்றமாகாது என்றும் அவர் விளக்கினார். வாரண்டு ரத்தாகி, அந்த மனிதர்களின் சக்தியையும் நடத்தையையும் புதிதாக விசாரிக்கும்படி வழக்குக் கீழ்க் கோர்ட்டுக்குத் திரும்பியது.

பாராளுமன்றமும் தன் பங்குக்கு அளவைக் குறைத்துக்கொண்டே வந்தது. 1976ஆம் ஆண்டுத் திருத்தத்தின் பிறகு சிறைவாசத்தின் உச்ச எல்லை மூன்று மாதமாயிற்று. 2002 ஜூலை 1ஆம் தேதி அமலுக்கு வந்த திருத்தப்படி, இரண்டாயிரம் ரூபாய்க்கு மேற்படாத டிக்கிரிக்காக எவரையும் சிறையில் வைக்கக் கூடாது; ஐயாயிரம் வரையில் ஆறு வாரம், அதற்கு மேல் மூன்று மாதம். ஆயினும் வாரண்டு மறைந்துபோகவில்லை. இன்றும் முன்சீப் கோர்ட்டுகளில் பிடிவாரண்டு கேட்டு இ.பி. தாக்கலாகிறது, கடனாளி ஆஜராகித் தவணை கேட்கிறார், ஒரு பகுதியைக் கட்டி வாய்தா வாங்குகிறார், அடுத்த வாய்தாவுக்குள் மீதிக்கு அலைகிறார். நோட்டீஸ் வந்த வீடுகளில் 51ஆம் பிரிவின் விதிவிலக்கை அறிந்தவர்கள் குறைவு. சக்தியில்லாதவனைச் சிறையிட முடியாது என்பதை அறியாமலே பயந்து தாலிக்கொடியை அடகு வைக்கிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அவர்களுக்கு அதைச் சொல்ல வேண்டிய கடமை வக்கீல்களுக்கும் கோர்ட்டுகளுக்கும் உண்டென்று நான் உறுதியாக நம்புகிறேன்.

கோர்ட்டு கட்டாயமாகச் சொல்ல வேண்டியதாகச் சட்டம் விதித்திருக்கும் செய்தி ஒன்று இருக்கிறது. பிடிபட்டுக் கோர்ட்டில் நிறுத்தப்படும் கடனாளியிடம், இன்ஸால்வென்டாகத் தன்னை அறிவிக்கும்படி மனுப் போட்டுக்கொள்ளும் உரிமை அவனுக்கு உண்டென்று நியாயாதிபதி எடுத்துச் சொல்ல வேண்டும் என்பது 55ஆம் பிரிவு. ஐ.பி. கொடுப்பது என்றும் மஞ்சள் கடுதாசி என்றும் நம் ஊர்களில் வழங்கும் அந்த மார்க்கத்தை, 1828ல் கல்கத்தா, சென்னை, பம்பாய் ஆகிய மூன்று நகரங்களில் ஏற்பட்ட இன்ஸால்வென்ட் கோர்ட்டுகளிலிருந்து தொடங்கி அடுத்த அத்தியாயத்தில் பார்ப்போம்.